டீச்சரம்மா ஒருத்தியாக எழுதிய இரண்டு பேர்

டீச்சரம்மா போன செய்தி வந்தபோது நான் ஆபீசர்கள் கக்கூஸுக்குள் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். நினைவு மலரில் முதல் வரியாக எழுதக்கூடிய விஷயம் இல்லைதான். ஆனால் அங்கேதான் இருந்தேன். வேறு இடம் சொன்னால் பொய்யாகிவிடும். இந்த ஒரு கட்டுரையிலாவது பொய் சொல்லக் கூடாது என்று முடிவு செய்துகொண்டு பேனாவை எடுத்திருக்கிறேன்.

திருவள்ளூர் பக்கம் காக்களூர் இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டில் வண்டிகளுக்கு உதிரி பாகம் செய்கிற ஒரு கம்பெனியில் பதினைந்து வருடமாக ஹவுஸ்கீப்பிங் வேலை பார்க்கிறேன். அந்தக் கக்கூஸை ஒரு நாளைக்கு நான்கு முறை கழுவுகிறவள் நான். அதற்குள் உட்காரக் கூடாதவளும் நான். எங்களுக்கென்று ஒன்று பின்பக்க மதிலோரம் இருக்கிறது. இரும்புத்தூள் குவியலைத் தாண்டிப் போக வேண்டும். போய்வர இருபது நிமிடம். போவதற்கு முன் சூப்பர்வைசரிடம் சொல்ல வேண்டும். அவர் கைக்கடிகாரத்தைப் பார்ப்பார். போய்ச் சேர்ந்தால் பாதி நாள் அங்கே தண்ணீர் இருக்காது.

போன் அடித்தது. என் போனில் வைத்திருப்பது சாமி பாட்டு. அதை வயிற்றோடு அமுக்கிப் பிடித்தேன். வெளியே யாரோ கதவைத் தட்டினார்கள். "கிளீனிங் சார்" என்றேன், குரலில் கொஞ்சம் களைப்பைச் சேர்த்துக்கொண்டு. பிறகு வாளியும் கையுமாக வெளியே வந்து, மாடிப்படிக்கு அடியில் நின்று திருப்பிக் கூப்பிட்டேன். டீச்சரம்மாவின் மாணவி சரண்யா எடுத்தாள். "அம்மா காலைல போய்ட்டாங்க லோகுக்கா. தூக்கத்துலயே" என்றாள். "நாஷ்டா சாப்ட்டாங்களா?" என்று கேட்டுவிட்டேன். அந்தப் பெண் பாவம், "இல்லக்கா" என்று பதிலும் சொன்னாள்.

உங்களில் பெரும்பாலோருக்கு அவர் பேராசிரியர் கமலவேணி. நான்கு புத்தகம் எழுதியவர். மேடையில் பேசுகிறவர். எங்களுக்கு டீச்சரம்மா. "நான் டீச்சர் இல்ல லோகு, காலேஜ்ல சொல்லிக் குடுத்தவ" என்று ஒரு நாள் திருத்தினார். "காலேஜ்ல சொல்லிக் குடுத்தா டீச்சர் இல்லாம கண்டக்டரா?" என்றேன். அதன் பிறகு அவர் திருத்தவில்லை.

முதலில் அவரை எஸ்டேட் கேட்டுக்கு எதிரே இருக்கும் டீக்கடையில் பார்த்தேன். மதியம் மூன்று மணிக்கு ஷிப்ட் விட்டு நானும் தேசம்மாவும் வந்துகொண்டிருந்தோம். தேசம்மா என்னோடு ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தவள். வெள்ளை முடியும் துணிப்பையுமாக ஒரு அம்மா பெஞ்சில் உட்கார்ந்து, வேலை விட்டு வருகிற பொம்பளைகளை எல்லாம் நிறுத்தி நிறுத்திப் பேசினார். இன்சூரன்ஸ் பிடிக்க வந்தவர் என்று நினைத்தோம். "எங்க உயிருக்கெல்லாம் எவன் தருவான், போங்கம்மா" என்றேன். இன்சூரன்ஸ் இல்லை, உங்கள் வேலையைப் பற்றிப் புத்தகம் எழுதப்போகிறேன் என்றார்.

"எங்க வேலையில எழுத இன்னாம்மா கீது? பெருக்கனோம், தொடச்சோம், ஊட்டுக்கு வந்தோம்."

"அந்த நடுவுல இருக்கிறதுதான் எனக்கு வேணும். தொடைக்கிறப்ப எந்தக் கை வலிக்குது?"

இந்தக் கேள்வியை என்னிடம் அதுவரை யாரும் கேட்டதில்லை. டாக்டர்கூட எங்கே வலிக்கிறது என்றுதான் கேட்பார். தேசம்மா யோசித்துவிட்டு, "வலது தோளு" என்றாள். டீச்சரம்மா அதை எழுதிக்கொண்டார்.

பிறகு வாரா வாரம் வந்தார். மணவாள நகர் பக்கம் இருக்கும் என் வீட்டுக்கு வந்து தரையில் உட்காருவார். ஒருமுறை பையிலிருந்து ஒரு போட்டோவை எடுத்துக் காட்டினார். சீருடை போட்ட ஐந்தாறு கறுப்புப் பொம்பளைகள் துணி வண்டிக்குப் பக்கத்தில் நிற்கிறார்கள். ஓரத்தில் ஒல்லியாக ஒரு சின்னப் பெண். அது டீச்சரம்மா. வெளிநாட்டில் படிக்கும்போது செலவுக்காக ஓட்டலில் ரூம் துடைத்திருக்கிறார். அவருடைய முதல் புத்தகம் அந்தப் பொம்பளைகளைப் பற்றியது.

"அங்க எப்டிம்மா ஆளப் பிரிப்பாங்க?" என்று தேசம்மா கேட்டாள்.

"தோலைப் பார்த்து. வெளுத்தவங்க முன் வாசல் மேஜைல. இவங்க ரூம்லயும் கக்கூஸ்லயும்."

"பாத்தாலே தெரிஞ்சிட்டா அவுங்களுக்கு வேலை மிச்சம்" என்றேன். "எங்க காண்ட்ராக்டர் பாவம், வாயத் தொறந்து கேக்கணும். எந்தத் தெரு, ஊரா காலனியான்னு. ஊருன்னா கேன்டீன்ல பரிமாறணும். காலனின்னா கக்கூஸ் கழுவணும். நானும் இவளும் ஒரே வார்த்தையில செலக்ட்டு."

சிரிக்க வைக்கத்தான் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. பேனாவை மூடிவிட்டு, போட்டோவைப் பைக்குள் வைத்துக்கொண்டே சொன்னார்: "வேலை பளபளன்னு தெரியணும், செஞ்சவ தெரியக் கூடாது. எந்த ஊருக்குப் போனாலும் இது ஒண்ணு மட்டும் மாறல லோகு."

இனி தேசம்மா போடும் முடிச்சு விஷயத்துக்கு வருகிறேன். எங்கள் வேலையில் மூன்று நிறத் துணி உண்டு. சிவப்பு கக்கூஸுக்கு, மஞ்சள் சாப்பாட்டு மேஜைக்கு, நீலம் கண்ணாடிக்கு. பத்து நாள் பிளீச்சிங் பவுடரில் ஊறினால் மூன்றும் ஒரே அழுக்கு நிறமாகிவிடும். புதுத் துணி கேட்டால் கிடைக்காது. கக்கூஸ் துணி தப்பித்தவறி சாப்பாட்டு மேஜைக்குப் போய்விடக் கூடாது என்று தேசம்மா சிவப்புத் துணி ஒவ்வொன்றின் மூலையிலும் ஒரு முடிச்சுப் போடுவாள். நிறம் போனாலும் முடிச்சு போகாது. அந்த மேஜையில் சாப்பிடுகிறவர்கள் எங்களை அதில் உட்கார விட்டதில்லை. அது அவளுக்கு ஒரு விஷயமே இல்லை. கம்பெனியில் அவளைத் தவிர வேறு யாரும் இப்படிச் செய்ததில்லை. செய்யச் சொல்லியும் யாரும் கேட்டதில்லை. "சாப்பிடறவன் வவுத்துக்கு இவதான் காவல் தெய்வம்" என்று நான் கேலி செய்வேன். டீச்சரம்மாவிடமும் ஒரு ஜோக்காகத்தான் சொல்லி வைத்தேன்.

இன்னொன்றையும் சொல்லி வைத்தேன். காலை ஆறு மணிக்கு வேலைக்கு வந்தால் மூன்று மணிவரை தண்ணீர் குடிக்க மாட்டோம். குடித்தால் போக வேண்டும், போனால் இருபது நிமிடம். இரண்டு முறை எனக்கு நீர்க்கடுப்பு வந்து காய்ச்சலில் படுத்தேன். அதற்குப் பிறகு பதினோரு மணிக்கு ஆபீசர்கள் மீட்டிங்கில் இருக்கும்போது அவர்கள் கக்கூஸிலேயே போய்விடுவேன். தேசம்மா வாசலில் 'தரை ஈரம்' போர்டை வைத்துவிட்டுத் துடைப்பது போல நிற்பாள். அவளை உள்ளே போகச் சொன்னால், "எனுக்கு பயம்டி" என்பாள். ஒரு நாளும் போனதில்லை. இதை நான் இங்கே எழுத்தில் தருகிறேன். ஒரு நாளும் போனதில்லை.

"இதை எழுதலாமா லோகு?" என்று டீச்சரம்மா கேட்டார்.

"எழுதுங்க. பேரு மட்டும் நல்ல சினிமாக்காரி பேரா வைங்க."

"பேரை மாத்திடுவேன். ஊரை மாத்திடுவேன். கம்பெனிய மருந்து கம்பெனியா ஆக்கிடுவேன். உங்க ரெண்டு பேரையும் சேர்த்து ஒருத்தியா எழுதிட்டா, யார்னு எவராலயும் சொல்ல முடியாது."

படித்தவர்கள் இப்படி எழுதுவது வழக்கம்தான் என்று சரண்யா பிறகு சொன்னாள். சொன்னவர்களைக் காப்பாற்றுவதற்காகச் செய்வதாம். அப்படித்தான் நான்காவது புத்தகத்தில் பார்வதி என்ற ஒருத்தி பிறந்தாள். துணியில் முடிச்சுப் போடுகிறவள் பார்வதி. பதினோரு மணிக்கு ஆபீசர்கள் கக்கூஸில் தாழ்ப்பாள் போட்டுக்கொள்கிறவளும் பார்வதி. கை தேசம்மாவுடையது, திருட்டுத்தனம் என்னுடையது.

சென்னையில் அந்தப் புத்தகம் வெளியிட்ட நாளில் எங்கள் இருவரையும் முன் வரிசையில் உட்கார வைத்தார். உங்களில் சிலர் அங்கே இருந்திருப்பீர்கள். நடுவில் நாங்கள் எழுந்து ஹாலின் கக்கூஸுக்குப் போனோம். வாசலில் நின்ற ஹவுஸ்கீப்பிங் அம்மா எங்களை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "ஸ்டாப்புக்கு அந்தாண்டம்மா" என்றாள். பட்டுப்புடவை கட்டியிருந்தோம். எதை வைத்துக் கண்டுபிடித்தாள் என்று தெரியவில்லை. டீச்சரம்மாவிடம் வந்து, "உங்க புக்கு எங்கள மறைச்சிடுச்சும்மா, அந்த அம்மாதான் புடிச்சிடுச்சு" என்றேன். அன்று அவர் சிரித்தார். நான் பார்த்து அவர் வாய்விட்டுச் சிரித்தது அதுதான் கடைசி.

எங்கள் கம்பெனியில் புதிதாக ஒரு எச்.ஆர். ஆபீசர் வந்திருந்தார். சின்ன வயது, நல்ல மனிதர். தமிழ்ப் புத்தகங்கள் வாங்கிப் படிக்கிறவர். ஏழைகள் மேல் இரக்கம் உண்டு. அந்த இரக்கத்தில்தான் டீச்சரம்மாவின் புத்தகத்தையும் வாங்கியிருக்கிறார். கேன்டீனுக்குப் பின்னால் கொடியில் முடிச்சுப் போட்ட துணிகள் காய்வதை அவர் தினமும் பார்க்கிறவர். "இது நம்ம கம்பெனிதாங்க" என்று டீ குடிக்கும்போது ஆச்சரியமாக யாரிடமோ சொல்லியிருக்கிறார். அவர் கெட்ட எண்ணத்தோடு சொல்லவில்லை. ஆனால் பேச்சு மேலே போய்விட்டது.

தேசம்மாவைக் கூப்பிட்டு விசாரித்தபோது நான் வெளியே நடைபாதையைத் துடைத்துக்கொண்டிருந்தேன். கண்ணாடிக் கதவு. கேட்டது அட்மின் மேனேஜர்.

"முடிச்சு உன்னுதுதான?"

"முடிச்சு என்னுது சார்."

"அப்ப உள்ள போய் உக்காந்துக்கினு இருந்ததும் நீதான?"

"நான் இல்ல சார்."

"புக்குல போட்டிருக்கேம்மா. முடிச்சு போடறவதான் உள்ள போறான்னு. நீ இல்லன்னா வேற யாரு?"

தேசம்மா கண்ணாடி வழியாக என்னைப் பார்த்தாள். நான் குனிந்து துடைத்தேன். துடைத்த இடத்தையே திரும்பத் திரும்பத் துடைத்தேன். "தெர்யாது சார்" என்றாள். நாளையிலிருந்து வர வேண்டாம் என்று காண்ட்ராக்டர் சொல்லிவிட்டார்.

அடுத்த நாள் டீச்சரம்மா என் வீட்டுக்கு வந்தார். வழக்கம்போலத் தரையில் உட்காராமல் நின்றுகொண்டே கேட்டார்: "லோகு, இன்னொருத்தி நீதான்னு நான் சொல்லலாமா?" அந்த வாரம்தான் என் மகளை நர்சிங் படிப்பில் சேர்த்திருந்தேன். "வேணாம்மா" என்றேன். ஒரு சொம்பு தண்ணீர் வாங்கிக் குடித்தார். அதன் பிறகு அந்தக் கேள்வியை அவர் என்னிடம் கேட்டதே இல்லை.

நேரே கம்பெனிக்குப் போனார். தப்பு என்னுடையது, இரண்டு பேரை ஒருத்தியாக எழுதியது நான், இந்தப் பெண் உள்ளே போனதில்லை என்று சொன்னார். "அப்ப ரெண்டாவது ஆள் யாருங்க மேடம்?" என்று கேட்டார்கள். "அதை நான் சொல்ல மாட்டேன்" என்றார். பேச்சு அதோடு முடிந்தது. ஆனாலும் ஒவ்வொரு திங்கட்கிழமையும் தவறாமல் வந்தார். செக்யூரிட்டி உள்ளே விடமாட்டார். கேட்டுக்கு வெளியே கல்லின் மேல் உட்கார்ந்திருப்பார், எழுபது வயதில், வெயிலில். நான் ஷிப்ட் விட்டு வரும்போது என்னைப் பார்த்துத் தலையாட்டுவார். நானும் ஆட்டுவேன். ஒருநாள் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். "மறைக்கத் தெரியும்னு நினைச்சேன் லோகு. பேரைத்தான் மறைச்சேன். கையை மறைக்கல" என்றார்.

தேசம்மாவுக்கு வேலை திரும்பவில்லை. காக்களூரில் வேறு எந்தக் கம்பெனியும் அவளை எடுக்கவில்லை. கும்மிடிப்பூண்டி பக்கம் போய்விட்டாள். டீச்சரம்மா ஐந்தாவது புத்தகம் எழுதவில்லை. அவர் ஏன் எழுதவில்லை என்று இந்த மலரில் பலரும் கேட்டு எழுதியிருப்பீர்கள். உடம்பு சரியில்லை, கண் பார்வை குறைந்தது என்று காரணம் சொல்லியிருப்பீர்கள். காரணம் நான்தான்.

கடைசியாக அவரை ஆஸ்பத்திரியில் பார்த்தேன். "தேசம்மாவைப் போய்ப் பார்த்தியா?" என்று கேட்டார். ஆறு வருடத்தில் ஒரு தடவைகூட நான் போயிருக்கவில்லை. "பாத்தேம்மா. நல்லா குண்டாயி கீறா. ஜிலேபி வாங்கிக்கினு போனேன், ஒண்டியாவே துன்னுட்டா" என்றேன். கண்ணை மூடிக்கொண்டு லேசாகத் தலையாட்டினார். இப்படி ஒரு பொய்யோடு அவரை அனுப்பி வைத்தேன்.

போன ஞாயிற்றுக்கிழமை காலையில் கிளம்பினேன். திருவள்ளூரில் ஏறி, பேசின் பிரிட்ஜில் மாறி, கும்மிடிப்பூண்டியில் இறங்கி விசாரித்துக்கொண்டே போனேன். வடக்கத்திப் பையன்கள் தங்குகிற ஹாஸ்டல் ஒன்றில் தேசம்மா பெருக்குகிறாள். அதன் பின்னால் ஒற்றை அறையில் இருக்கிறாள். குண்டாக இல்லை. கால் இரண்டும் மட்டும் வீங்கியிருந்தன.

"இன்னாடி, வழி தெரிஞ்சிதா?" என்றாள்.

"கேட்டுக்கினே வந்தேன்."

"ஆறு வருசமா கேட்டுக்கினே வந்தியா?"

உள்ளே உட்காரச் சொன்னாள். டீச்சரம்மா போய்விட்டதைச் சொன்னேன். அரிசி களைந்துகொண்டிருந்தவள் கையைத் தண்ணீரிலேயே வைத்திருந்தாள்.

"அதான் போன் வரல" என்றாள். "மாசாமாசம் பண்ணும். கால் எப்டி கீது, தண்ணி குடிக்கிறியான்னு கேக்கும். போன தபா பண்ணப்போ, லோகு வந்து பாத்தாளாமேன்னு கேட்டுது."

"நீ இன்னா சொன்ன?"

"ஆமாம்மா, வந்தா, ஜிலேபி வாங்கியாந்தான்னு சொன்னேன். ஜிலேபின்னு மொதல்ல அதுதான் சொல்லுச்சு."

"ஏண்டி அப்டி சொன்ன?"

"நீ சொல்லிட்ட. அத்த நான் ஏன் பொய்யாக்கணும்? அது வேற படுத்துக்கினு கீது." என் பையைப் பார்த்தாள். "இப்பனாச்சும் வாங்கியாந்தியா?"

வாழைப்பழம்தான் வாங்கிப் போயிருந்தேன்.

மலருக்கு எழுதச் சொல்லியிருக்கிறார்கள், உள்ளே போனவள் நான்தான் என்று எழுதிவிடட்டுமா என்று கேட்டேன்.

"எழுதி?"

"உன் பேரு சுத்தமாவும் இல்ல?"

"யாராண்ட? அந்த மேனேஜர் பூட்டான். எச்.ஆர். பையன் பூட்டான். காண்ட்ராக்டர் மூணு பேர் மாறிட்டானாம். அங்க என்னத் தெரிஞ்சவ இப்ப யாருடி கீறா, உன்னத் தவிர?" அரிசியை உலையில் போட்டாள். "எழுது. உனுக்கு வோணும்னா எழுது. எனுக்கோசரம்னு மட்டும் எழுதாத."

ஆகவே எனக்காகத்தான் எழுதுகிறேன். என் மகள் படித்து முடித்துவிட்டாள், அதனால்தான் இந்தத் தைரியம் வந்தது என்று யாராவது சொன்னால் மறுக்க மாட்டேன். அவளிடம் இதைக் காட்டவில்லை. நான் ஐந்தாவது வரை படித்தவள். பிழை இருந்தால் சரண்யா திருத்திக்கொள்ளட்டும். விஷயத்தைத் திருத்த வேண்டாம்.

டீச்சரம்மாவிடமிருந்து எனக்கென்று நான் வைத்துக்கொள்வது அவர் புத்தகங்கள் அல்ல. அவற்றை நீங்கள் வைத்திருக்கிறீர்கள். ரெண்டாவது ஆள் யார் என்று கேட்டபோது அவர் சொல்லாமல் வைத்துக்கொண்ட ஒரு பெயர் இருக்கிறது. கடைசிவரை அதை யாரிடமும் அவர் கொடுக்கவில்லை. அதுதான் எனக்கு. லோகநாயகி, ஹவுஸ்கீப்பிங். அந்தப் புத்தகம் மறுபடி அச்சுக்குப் போனால் பார்வதியை இரண்டாகப் பிரித்துவிடுங்கள். முடிச்சுப் போட்டவளை ஒரு பக்கமும் கதவைச் சாத்திக்கொண்டவளை ஒரு பக்கமும் வையுங்கள். அதனால் தேசம்மாவுக்கு ஒன்றும் கிடைக்கப்போவதில்லை. எங்கள் கம்பெனியில் அந்தக் கதவும் எங்களுக்குத் திறக்கப்போவதில்லை. எனக்குத் தெரியும்.

அன்று மதியம் கும்மிடிப்பூண்டியில் வண்டி கிளம்பிய பிறகுதான் காலைப் பார்த்தேன். வலது செருப்பு என்னுடையது. இடது செருப்பு தேசம்மாவுடையது. இரண்டும் நீல ரப்பர் செருப்பு. கவரப்பேட்டை தாண்டும்போது அவளே போன் செய்தாள். "என் செருப்ப போட்டுக்கினு போய்ட்டியாடி?" என்றாள். ஆமாம் என்றேன். "உன்னுது என் காலுக்கு ஏறல. காலைல ஆறு மணி டூட்டி எனுக்கு" என்றாள். பொன்னேரியில் இறங்கி, திரும்பிப் போகிற வண்டிக்காக மேம்பாலம் ஏறினேன். பாதிப் படியில் அவள் செருப்பின் வார் அறுந்தது.